முத்துக்கரை வரலாறு – 17: ஜப்பான் பூட்டிய வித்தை, வேப்பலோடை திறந்த சிப்பி

சென்ற இதழை 1961-ஆம் ஆண்டுச் சலாபத்தோடு, அதாவது அரசு கூப்பிட்டு நடத்திய முத்துக்குளிப்போடு, நிறுத்தியிருந்தேன். 1926 முதல் 1928 வரை நடந்த முத்துக்குளிப்புக்குப் பிறகு நீண்ட காலம் சும்மா கிடந்த பார்களில், அதாவது சிப்பி விளையும் கடலடித் திட்டுகளில், 1955-ல் மீண்டும் தோணிகள் இறங்கின. அந்த வரிசை 1961-ல் முடிந்தது. அதற்குப் பிறகு தூத்துக்குடியில் அரசு சலாபம் கூப்பிடவே இல்லை. சங்கு குளித்தவர்கள் குளித்துக்கொண்டுதான் இருந்தார்கள். தொலையிரம் பாரில் சிப்பியும் வருவதும் போவதுமாக இருந்தது. ஆனால் தோணிச் சம்மாட்டிகளும் செட்டிமார்களுமாக ஊரே கூடிக் கடற்கரையில் கொட்டகை போட்ட காலம் அதோடு சரி.

சலாபம் நின்றதற்குப் பாரில் சிப்பி முற்றாமல் போனதை மட்டும் காரணமாகச் சொல்கிறவர்கள் உண்டு. அது பாதிக் கதை. பாரில் சிப்பி பொய்ப்பது இந்தக் கடலுக்குப் புதிதல்ல. பாண்டியர் காலத்திலும் பொய்த்தது, டச்சுக்காரன் காலத்திலும் பொய்த்தது. சில ஆண்டுகள் கழித்து மறுபடி விளைந்தது. இருபதாம் நூற்றாண்டில் புதிதாக வந்தது வேறொன்று. ஆயிரம் சிப்பியை உடைத்து ஒரு நல்ல முத்துக்குக் காத்திருக்க வேண்டியதில்லை, வேண்டிய முத்தைச் சிப்பிக்குள்ளேயே விளைவிக்கலாம் என்று ஜப்பான் காட்டிவிட்டது. 1920-களில் ஜப்பானின் வளர்ப்பு முத்து லண்டனுக்கும் பாரிஸுக்கும் போய் இறங்கியதும் முத்து வணிகர்கள் பதறிப்போனார்கள். பாரிஸில் வழக்குகூட நடந்தது. 1930-களில் பாரசீக வளைகுடாவில் பஹ்ரைன், குவைத் துறைகளின் முத்துத் தொழில் அப்படியே சரிந்தது. நம் கடலும் அந்த அடியிலிருந்து தப்பவில்லை.

ஆகவே இந்த இதழில் கொஞ்ச நேரம் நம் கரையை விட்டு ஜப்பானுக்குப் போய் வரவேண்டும். போகாமல் தூத்துக்குடிக்கு வடக்கேயுள்ள வேப்பலோடையின் கதை விளங்காது.

வளர்ப்பு முத்து என்றால் எல்லாரும் மிக்கிமோட்டோ கோக்கிச்சியின் பெயரைச் சொல்வார்கள். 1858-ல் தோபா என்ற கடலோர ஊரில் பிறந்தவர், பள்ளிப்படிப்பு அதிகம் இல்லாதவர், விடாமுயற்சியால் 1893-ல் சிப்பியில் அரைமுத்து விளைவித்தவர் என்று கதை போகும். அத்தனையும் உண்மை. ஆனால் அவருக்குப் பின்னால் நின்றவர்களை யாரும் சொல்வதில்லை. 1890-ல் அவர் ஆலோசனை கேட்டுப் போனது டோக்கியோ பேரரசுப் பல்கலைக்கழகப் பேராசிரியர் மித்சுக்குரி கக்கிச்சியிடம். மித்சுக்குரி அமெரிக்காவில் யேல் பல்கலைக்கழகத்திலும் ஜான்ஸ் ஹாப்கின்ஸிலும் விலங்கியல் படித்துவிட்டு நாடு திரும்பியவர். மிசாக்கியில் 1886-ல் தொடங்கிய கடலுயிரியல் நிலையத்தை நடத்தியவர். சிப்பியின் சதைக்கும் ஓட்டுக்கும் நடுவே அயல்பொருள் சிக்கினால் முத்துப் படலம் சுற்றிக்கொள்ளும் என்ற விஞ்ஞானத்தை மிக்கிமோட்டோவுக்கு விளக்கியவர் அவர்தான்.

1868-ல் மெய்ஜி அரசர் எடுத்த உறுதிமொழியில் உலகெங்கும் போய் அறிவைத் தேடிக் கொண்டுவரவேண்டும் என்பதும் ஒன்று. ஆட்களைக் கப்பலேற்றிப் படிக்க அனுப்பினார்கள். திரும்பி வந்தவர்களுக்கு ஆய்வகம் கட்டிக் கொடுத்தார்கள். 1885-ல் காப்புரிமைச் சட்டம் போட்டார்கள். அதனால்தான் மிக்கிமோட்டோ தன் அரைமுத்துக்கு 1896-ல் காப்புரிமை வாங்க முடிந்தது. முழு உருண்டை முத்துக்கான வழியை 1907-ஐ ஒட்டி இரண்டு பேர் தனித்தனியே கண்டார்கள். ஒருவர் மிசே தத்சுஹெய், தச்சு வேலை பார்த்தவர். இன்னொருவர் நிஷிக்காவா தோக்கிச்சி, மித்சுக்குரியின் மாணவர், அரசின் மீன்துறையில் வேலை பார்த்தவர், மிக்கிமோட்டோவின் மருமகன். தச்சரையும் பல்கலைக்கழக மாணவரையும் ஒரே வித்தைக்குள் கொண்டுவந்த நாடு அது.

இரண்டாம் உலகப்போரில் தோற்று எழுந்ததும் ஜப்பான் செய்ததுதான் நம் கதைக்கு மிக முக்கியம். 1949-ல் மீன்பிடிச் சட்டம் வந்தது. கடலில் இன்ன பகுதியில் இன்னார் முத்து வளர்க்கலாம் என்று எல்லை வகுத்து உரிமை தர அதில் வழி இருந்தது. 1952-ல் முத்து வளர்ப்புத் தொழிலுக்கென்றே தனிச் சட்டம் வந்தது. ஒரு நாடாளுமன்றம் உட்கார்ந்து முத்துக்கென்று தனிச் சட்டம் போட்டதை வாசகர் கொஞ்சம் நினைத்துப் பார்க்கவேண்டும். ஏற்றுமதி ஆகும் முத்தை அரசு அலுவலர் சோதித்த பிறகுதான் கப்பலில் ஏற்றலாம் என்று ஆயிற்று; கோபேயிலும் டோக்கியோவிலும் சோதனை நிலையங்கள் இயங்கின. 1955-ல் மியே மாநிலத்தின் கஷிக்கோஜிமாவில் தேசிய முத்து ஆராய்ச்சி நிலையம் திறந்தார்கள். கடல் உரிமை, சட்டம், தரச் சோதனை, ஆய்வகம் என்று நான்கு பக்கமும் அடைத்துக் கட்டிய வேலி அது.

அந்த வேலிக்கு ஒரு பூட்டும் போட்டார்கள். வெளிநாட்டுக் கடலில் முத்து வளர்க்கப் போகும் ஜப்பானியருக்கென்று விதிகள் வகுத்தார்கள். வித்தையை வெளிநாட்டாருக்குச் சொல்லித் தரக்கூடாது, விளைந்த முத்தெல்லாம் ஜப்பானுக்கே வந்து சேரவேண்டும் என்பவை அவற்றில் தலையானவை. 1956-ல் ஆஸ்திரேலியாவின் வடமேற்குக் கரையில் கூரி விரிகுடாவில் முத்துப்பண்ணை தொடங்கியபோதும், சிப்பிக்குள் கரு வைக்கும் வேலையை ஜப்பானிய நிபுணர்கள்தான் செய்தார்கள். பண்ணை இன்னொருவர் கடலில் இருந்தாலும் வித்தை ஜப்பானியர் கையைவிட்டு நகரவில்லை.

பூட்டிலும் ஒரு விரிசல் இருந்தது. போருக்குப் பின் ஜப்பானை ஆண்டுகொண்டிருந்த அமெரிக்கப் படையின் இயற்கை வளப் பிரிவில் ஏ. ஆர். கான் என்ற விலங்கியலாளர் இருந்தார். ஜப்பானின் முத்து வளர்ப்பைப் பற்றி அவர் எழுதிய அறிக்கை 1949-ல் வெளியாயிற்று. எந்த நாட்டு நூலகத்திலும் கிடைக்கக்கூடிய அறிக்கை. ஆனால் எழுதி வைத்ததைப் படித்துவிட்டால் மட்டும் கைக்கு வேலை வந்துவிடாது. நாதஸ்வரத்தைப் புத்தகம் பார்த்து வாசிக்க முடியாதது போலத்தான் இதுவும்.

இனி நம் கரைக்கு வருவோம்.

குருசடைத் தீவில் சென்னை மாகாண மீன்துறை 1930-களிலேயே முத்து வளர்ப்பு முயற்சியில் இறங்கியது. உருண்டை முத்து அப்போது கைகூடவில்லை. விடுதலைக்குச் சில மாதங்கள் முன்பு, 1947-ல், மத்திய கடல் மீன் ஆராய்ச்சி நிலையம் வந்தது. அந்த நிலையத்தில் சிப்பியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர் டாக்டர் கே. அழகர்சாமி. 1968 ஜனவரியில் கொச்சியில் மெல்லுடலிகள் பற்றி ஒரு கருத்தரங்கு நடந்தது. அதன் கட்டுரைத் தொகுதி 1970-ல் வந்தபோது, ஜப்பானின் முத்து வளர்ப்பையும் இந்தியா அதிலிருந்து கற்கவேண்டியதையும் பற்றி அழகர்சாமி விரிவாக எழுதிய கட்டுரை அதில் இருந்தது. தலைப்பிலேயே ஜப்பானையும் இந்தியாவுக்கான பாடங்களையும் சேர்த்து வைத்தார். எதிராளியின் பலத்தை முதலில் அளந்துவிட்டுத்தான் அவர் கடலில் கால் வைத்தார் என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டாம்.

1972-ன் கடைசியில் தூத்துக்குடியில் வேலை தொடங்கியது. பண்ணை போட்ட இடம் ஊருக்கு வடக்கே வேப்பலோடை. ஜப்பானில் முத்துப்பண்ணைகள் இருப்பது மலைகள் சூழ்ந்த, காற்றடிக்காத குடாக்களில். வேப்பலோடையில் அப்படி எந்த அரணும் கிடையாது. கரையை விட்டுக் கொஞ்சம் உள்ளே போனால் திறந்த கடல். அங்கேதான் சவுக்கு மரங்களைக் கட்டித் தெப்பம் செய்து, தார் பூசிய பீப்பாய்களில் மிதக்கவிட்டு, கூடுகளில் சிப்பியைத் தொங்கவிட்டார்கள். சிப்பி வந்தது தூரக்கடல் பார்களிலிருந்து, குளித்து எடுத்தது. வாடைக்காற்று கிளம்பினால் தெப்பம் தாங்குமா என்ற பயம். தண்ணீர் கலங்கினால் கூட்டுக்குள் சேறு. கொட்டலசும் கடற்பஞ்சும் புழுவும் ஓட்டை மூடி, அதைத் துளைத்துச் சிப்பியைக் கொன்றுவிடும். மாதாமாதம் கூடுகளைத் தூக்கிச் சுரண்டிச் சுத்தம் செய்யவேண்டும். முத்து வளர்ப்பில் அறுவை ஒரு நாள் வேலை. மற்றதெல்லாம் இந்தச் சுரண்டல்தான்.

அந்த அறுவையைக் கிட்டப்போய்ப் பார்க்கவேண்டும். உயிருள்ள சிப்பியை மென்தால் தூவிய கடல்நீரில் கிடத்துவார்கள். சற்று நேரத்தில் மயங்கி வாய் திறக்கும். திறந்த இடைவெளியில் ஒரு சிறு ஆப்பை வைத்துத் தாங்கியில் பொருத்துவார்கள். இதற்கு முன்பே இன்னொரு சிப்பியைப் பலி கொடுத்து, அதன் ஓட்டை ஒட்டியிருக்கும் மேலுறைச் சதையை நாடாவாக அறுத்து, ஓரம் நீக்கி, இரண்டு மில்லிமீட்டர் அளவுத் துண்டுகளாக நறுக்கி ஈரமாக வைத்திருப்பார்கள். மயங்கிய சிப்பியின் கால் அடியில் நுனிக்கத்தியால் கீறி, இனப்பெருக்கச் சுரப்பிக்குள் மெல்லிய சுரங்கம் போட்டு, முதலில் அந்தச் சதைத் துண்டை வைத்து, பிறகு ஓட்டில் கடைந்த மணியைத் தள்ளுவார்கள். துண்டின் வெளிப்பக்கம் மணியை ஒட்டியிருக்கவேண்டும். திரும்பி உட்கார்ந்தால் முத்து கிடையாது. சரியாக உட்கார்ந்தால் அந்தச் சதை மணியைச் சுற்றி வளர்ந்து பையாகி, உள்ளே படலம் படலமாக முத்துப் பூச்சைச் சுரக்கும். கத்தி கொஞ்சம் ஆழமாகப் போனால் குடல் அறுந்து சிப்பி செத்துவிடும். ஜப்பானியர் மறைத்தது இந்தக் கைப்பக்குவத்தைத்தான். அறிக்கைகள் படிகளைச் சொல்லும். எந்த அழுத்தத்தில் கத்தி நிற்கவேண்டும் என்பதைச் சொல்லாது. அதை அழகர்சாமியும் அவரோடு இருந்தவர்களும் சிப்பியைச் சாகக் கொடுத்துச் சாகக் கொடுத்துத்தான் கற்றார்கள்.

மணிக்கும் ஜப்பானையே நம்பியிருக்கவேண்டிய நிலை. ஜப்பானியர் கருமணி கடைவது அமெரிக்காவின் மிசிசிப்பி ஆற்று மட்டியின் ஓட்டிலிருந்து. நமக்கு மிசிசிப்பி எதற்கு? மன்னார் வளைகுடாவில் சங்கு இருக்கிறதே! வங்காளத்து வளையல் பட்டறைகளுக்கு நூற்றாண்டுக் கணக்கில் போய்க்கொண்டிருந்த கெட்டியான வெள்ளைச் சங்கு. உருண்டையான ஓட்டு மணியை இங்கேயே செய்யும் முறையைப் பற்றி எம். வேலு, அழகர்சாமி, அப்போது நிலையத்தின் இயக்குநராக இருந்த எஸ். இசட். காசிம் மூவரும் எழுதிய கட்டுரை 1973-ல் வந்தது. சங்கிலிருந்தும் கருமணி கடையலாம் என்று ஆயிற்று. முத்தின் கருவாகச் சங்கை வைப்பது, இந்தக் கரையின் இரண்டு பழந்தொழில்களையும் ஒரே சிப்பிக்குள் சேர்த்து வைப்பது.

1973 ஜூலையில் வேப்பலோடைப் பண்ணையின் சிப்பியிலிருந்து உருண்டையான வளர்ப்பு முத்து வெளியே வந்தது. இந்தியாவில் கருமணி வைத்து விளைவித்த முதல் உருண்டை முத்து அது. கரண்ட் சயின்ஸ் இதழில் 1974-ல் அழகர்சாமி அதை அறிவித்தார். ஜப்பானிய நிபுணர் ஒருவரும் வராமல், ஒரு வருஷத்துக்குள் அந்த வித்தையை இந்தக் கடற்கரை தானாகவே கைப்பற்றியது. அழகர்சாமி பின்னாளில் சென்னையில் உவர்நீர் மீன்வளர்ப்பு ஆராய்ச்சி நிலையத்தின் இயக்குநரானார். மீன்துறையார் அறிந்த பெயர். ஆனால் தூத்துக்குடிக்காரர்களிலேயே பலருக்கு அவர் பெயர் தெரியாது. எனக்கு இது தாங்கமுடியாத வருத்தம்.

பெருமைக்கு மேல் பெருமை சேர்க்கும் செய்தி இன்னும் இருக்கிறது. நம் சிப்பியும் ஜப்பானின் அக்கோயா சிப்பியும் நெருங்கிய உறவு. இரண்டையும் ஒரே இனமாகவே பல விலங்கியலார் வைக்கிறார்கள். ஜப்பானின் குளிர்காலத்தில் கடல் குளிர்ந்துவிட்டால் சிப்பி முத்துப் பூச்சைச் சுரப்பதையே நிறுத்திவிடும். நம் கடல் ஆண்டு முழுவதும் வெதுவெதுப்பு. அதனால் மூன்று மில்லிமீட்டர் மணிக்கு இங்கே சில மாதங்களிலேயே பூச்சு ஏறிவிட்டது. குறையும் இருந்தது. நம் சிப்பி சின்னது. பெரிய மணியைத் தாங்காது. ஆகவே சிறு முத்துத்தான் நம் பங்கு.

1974-ல் தூத்துக்குடிப் புதுத் துறைமுகம் பெருந்துறைமுகமாக அறிவிக்கப்பட்டது. அலைதடுப்புக்குள் அமைதியான நீர் கிடைத்ததும் ஆய்வாளர்கள் சிப்பிக் கூடுகளை அங்கேயும் கொண்டுபோனார்கள். திறந்த கடலோடு மல்லுக்கட்டிய வேப்பலோடைக்குத் துறைமுகத்துக்குள் ஒரு தங்கை பிறந்தாள். 1981-ல் முத்துச்சிப்பியின் குஞ்சுகளைத் தொட்டியிலேயே வளர்த்தெடுத்தார்கள். பாரில் சிப்பி பொய்த்தால் என்ன செய்வது என்ற இரண்டாயிரம் வருஷக் கேள்விக்கு அதுதான் பதில். தொட்டியில் வளர்ந்த குஞ்சுகளைப் பாரிலேயே கொண்டுபோய்ப் போடும் முயற்சியும் 1980-களில் நடந்தது.

இத்தனையும் செய்தோம். பிறகு என்ன ஆயிற்று? தமிழ்நாடு தொழில் வளர்ச்சிக் கழகமான டிட்கோவும் ஸ்பிக் உர நிறுவனமும் சேர்ந்து தமிழ்நாடு பேர்ல்ஸ் என்ற நிறுவனத்தை 1983-ல் தொடங்கின. குருசடையில் பண்ணை, மண்டபத்தில் ஆய்வகம். தொடக்கத்தில் நம்பிக்கை நிறைய இருந்தது, நீடிக்கவில்லை. 1990-களில் வாலிநோக்கம் குடாவில் மீனவர்களைச் சேர்த்துக்கொண்டு ஆராய்ச்சி நிலையம் முத்து வளர்ப்பைக் கற்றுக்கொடுத்தது. அதுவும் ஒரு தொழிலாக வேர்விடவில்லை. தூத்துக்குடிக் கடைகளில் இன்றைக்கு விற்கும் முத்து மாலையில் எந்த ஊர் முத்து இருக்கிறது என்று கேட்டுப் பாருங்கள்.

ஏன் இப்படி ஆனது என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஜப்பானின் நான்கு பக்க வேலியில் நாம் ஒரு பக்கத்தை மட்டும் கட்டினோம், ஆய்வகத்தை. கடலில் நான் பண்ணை போட்டால் அது என் இடம் என்று சொல்ல இங்கே ஒரு மீனவருக்குச் சட்டத்தில் பிடிமானம் இல்லை. இரவில் யாராவது கூட்டை அறுத்துக்கொண்டு போனாலும், மடிவலை தெப்பத்தை இழுத்துக்கொண்டு போனாலும் கேட்பதற்கு ஆளில்லை. கடல் வளர்ப்புக்கென ஒரு தேசியக் கொள்கையின் வரைவு வெளியானதே 2019-ல்தான். ஜப்பான் 1949-ல் போட்ட சட்டத்தோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள். எழுபது வருஷ இடைவெளி. தரம் பார்க்கும் நிலையமோ, முத்தை எடுத்து விற்கும் கூட்டுறவோ இங்கே எழவில்லை. தொழில்நுட்பம் ஜெயித்தது; கொள்கை தோற்றது. மீனவரின் சோம்பலையோ சிப்பியின் அளவையோ காரணம் சொல்வது அநியாயம்.

ஜப்பானின் பூட்டும் நிலைக்கவில்லை என்பதையும் சொல்லவேண்டும். சீனாவின் நன்னீர் முத்து வந்தது. தெற்குக் கடல்களில் மற்றவர்கள் கற்றுக்கொண்டார்கள். 1990-களின் நடுவில் அக்கோயா சிப்பிகள் கூட்டங்கூட்டமாகச் செத்தன. 1952-ன் முத்துச் சட்டத்தை 1998-ல் ஜப்பானே நீக்கிவிட்டது. அதற்கு முன்பே, 1995-ல், அறிவியல் தொழில்நுட்பத்துக்கான அடிப்படைச் சட்டத்தைப் போட்டு, ஐந்தாண்டுத் திட்டம் வகுத்து, வெளிநாடுகளோடு சேர்ந்து ஆராய்வதை அரசின் கடமையாக்கிக்கொண்டது. 2020-ல் அந்தச் சட்டத்தைத் திருத்திப் புத்தாக்கத்தையும் பெயரிலேயே சேர்த்தது. இந்தியாவோடு அறிவியல் கூட்டுறவு ஒப்பந்தம் 1985-லேயே ஆகிவிட்டது. மறைத்து வைத்து வளர்ந்த நாடு, சேர்ந்து ஆராய்ந்தால்தான் பிழைக்கமுடியும் என்று தன் சட்டத்தில் எழுதிக்கொண்டது. அதன் பழைய கொள்கையை நான் குறை சொல்லவில்லை. அது அந்தக் காலத்தில் அதன் மீனவர்களுக்குச் சோறு போட்டது.

இப்போது ஜப்பான் தூத்துக்குடிக்கே வருகிறது, முத்துக்கு அல்ல, அமோனியாவுக்கு. 2023-ல் ஜப்பான் தன் ஹைட்ரஜன் கொள்கையைத் திருத்தியது. 2024-ல் அதற்கென்று சட்டமே போட்டது. அந்த ஆண்டு ஆகஸ்டில் செம்ப்கார்ப், சோஜிட்ஸ், கியூஷு மின்நிறுவனம், என்.ஒய்.கே. கப்பல் நிறுவனம் நான்கும் ஓர் ஒப்பந்தக் குறிப்பில் கையெழுத்திட்டன. தூத்துக்குடியில் ஆண்டுக்கு 2 லட்சம் டன் பசுமை அமோனியா தயாரித்து, கியூஷுவின் அனல் நிலையத்தில் நிலக்கரிக்குப் பதிலாகக் கொஞ்சம் எரிக்கக் கப்பலேற்றுவது திட்டம். அமோனியா இந்த ஊருக்குப் புதிதல்ல. ஸ்பிக் உர ஆலை 1975-லேயே அதைத் தயாரிக்கத் தொடங்கிவிட்டது. இந்த ஊர்த் தொழிலாளிக்கு அமோனியாவின் நெடியும் தெரியும், அதன் ஆபத்தும் தெரியும்.

அதனால் இந்த ஊரின் சார்பில் எனக்கு ஒரு கோரிக்கை உண்டு. ஆலைக்கு இடம் கொடுக்கும் அரசு, ஒப்பந்தத்தில் ஆராய்ச்சிக்கும் இடம் வாங்கவேண்டும். இங்கே 1977 முதல் மீன்வளக் கல்லூரி இருக்கிறது. கடல் மீன் ஆராய்ச்சி நிலையத்தின் கிளை இருக்கிறது. அமோனியா ஆலையின் நீர் மன்னார் வளைகுடாவில் என்ன செய்யும், பார்களைப் பாதிக்குமா என்பதை ஜப்பானிய விஞ்ஞானிகளும் தூத்துக்குடி விஞ்ஞானிகளும் சேர்ந்து ஆராயட்டும். முடிவுகளை மீனவர் சங்கங்களிடம் தமிழில் கொடுக்கட்டும். தொழில் தெரிந்த ஊர்ப் பிள்ளைகள் அந்த ஆலையின் ஆய்வகத்தில் வேலைக்குப் போகட்டும். வேப்பலோடையில் நாம் தனியாக நின்று ஜெயித்தோம். அந்த ஜெயம் கரையை வந்து சேரவில்லை. இந்த முறை இறுதிக் கையெழுத்துக்கு முன்பே கேட்டு வாங்குங்கள் என்று மாவட்ட ஆட்சியருக்கும் துறைமுக நிர்வாகத்துக்கும் எழுதுங்கள். நானும் எழுதுகிறேன்.

அடுத்த இதழில்: 1974-ன் புதுத் துறைமுகம், அதைக் கட்டியவர்கள், அதனால் இடம் பெயர்ந்தவர்கள்.